அறைச் சத்தம்

முதலில் ஏசியை அணைக்கச் சொல்வேன்.
ஷார்ஜா, ரோலா, ஆகஸ்ட், ஐந்தாம் மாடி.
இந்த ஒன்றுக்காகவே
போகிற வீட்டிலெல்லாம் என்னைப் பிடிக்காது.
அடுத்து ஃப்ரிட்ஜ்.
திரும்பப் போட மறக்காதிருக்க
வேன் சாவியை அதற்குள் வைப்பேன்.
இன்று, காரட் ஊறும் கண்ணாடிச் சாடிக்குப் பக்கத்தில்.

ராபர்ட் யூகாய். ஹம்ரியாவில் கிரேன் ஓட்டுகிறார்.
தாஷ்கண்ட்டுக்கு வெளியே ஒரு பருத்திப் பண்ணையில் பிறந்தவர்.
"யூ மட்டும்தான் எங்களுடையது,
காய் எவனோ ஒரு குமாஸ்தா
காதில் விழுந்தபடி எழுதிச் சேர்த்தது."
ரஷ்ய மொழியில் சொன்னதை
மொழிபெயர்ப்பாளர் ஆங்கிலத்தில் சொன்னார்.
எனக்கு மட்டும் சிரிப்பு வந்தது:
என் மொழியில் அது
இன்னும் பழுக்காதது.

இயக்குநர் ஹான் சொரிம், சியோலிலிருந்து.
ஏழு பக்கக் கேள்வி, முழங்காலில்.
"கொரிய மொழியில், ஒரு சொல்லாவது."
அவர் ஃப்ரிட்ஜைக் காட்டி
"ஜிம்ச்சி" என்றார்.
"கிம்ச்சி" என்றாள் அவள்,
திருத்துகிறோம் என்றே தெரியாமல்.
இன்னொரு டேக்.
"ஜிம்ச்சி."
நடுவில் அவர் எச்சில் விழுங்கியது
ஹெட்போனில் எனக்கு மட்டும் கேட்டது.

சொந்த ஊர் எது என்று கேட்டாள்.
அப்பாவைப் புதைத்தது கஸாக் புல்வெளியில்.
மகள் அன்சானில், உதிரிபாகத் தொழிற்சாலையில்;
அங்கே அவளை ரஷ்யாக்காரி என்கிறார்களாம்.
கேமரா மெல்ல நெருங்கியது,
கண்ணீருக்கு இடம் விட்டு.
அவர் மணி பார்த்தார்.
எட்டுக்கு நைட் ஷிஃப்ட்.

கடைசியில் என் பங்கு.
ஒரு நிமிடம் யாரும் பேசக்கூடாது;
வெட்டிய இடங்களை ஒட்டவைக்க
அறையின் சத்தம் வேண்டும்.
வியர்வை முதுகில் இறங்க எல்லோரும் சிலையானோம்.
கீழே ஒரு லாரி பின்னால் வந்தது.
நாற்பதாவது வினாடியில், சைட் ஹிந்தியில்,
என்னைப் பார்த்து யூகாய்:
"நீ எந்த ஊர்?"

கோத்தகிரி என்பேன், வழக்கமாக.
கோத்தகிரியில் நாங்கள் சிலோன்காரர்கள்.
சிலோனில், அப்பா சொல்வார்,
கள்ளத்தோணி.
வந்தது கப்பலில், டிக்கெட்டோடு.

பூம் கம்பை இறக்காமல்
உதட்டில் விரல் வைத்தேன்.
மன்னிக்கச் சொல்வதுபோல் அவரும் வைத்தார்.
திரும்ப முதலிலிருந்து, ஒரு நிமிடம்.

பெட்டிகளை வேனில் ஏற்றிய பிறகுதான்
சாவி ஞாபகம்.
மேலே போனேன். கதவு திறந்தது, ஏசிக் காற்று.
ஃப்ரிட்ஜ் ஏற்கெனவே ஓடிக்கொண்டிருந்தது.
சில்லென்று என் உள்ளங்கையில் சாவியை வைத்தார்,
பூண்டு மணத்தோடு.
கதவைச் சாத்தாமல் நின்றார்,
பதிலுக்கோ என்னவோ.

லிஃப்ட் வந்துவிட்டது.