மழைமானிப் புத்தகம்

ஆனைக்கல் கீழ்ப்பிரிவு லயத்தில்
பன்னிரண்டு காம்பராவுக்கும் ஒரே தகரம்.
நடுச்சுவர் கூரைவரை போகாது.
மூன்றாவதில் இருமினால்
ஒன்பதாவதில் சுடுதண்ணி வைப்பார்கள்.

நல்லுசாமி விழுந்தது மட்டும்
யாருக்கும் கேட்கவில்லை.

சார்ஜன்ட் விஜேகோன்
இஸ்தோப்பில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்தார்.
மொழிபெயர்க்க என்னைக் கூப்பிட்டார்கள்.
ஆபீஸில் வேலை, சிங்களம் வரும்,
பிறந்தது ஏழாம் காம்பரா.

"பேய் மழைங்க ஐயா.
வெளிய போனவரு வழுக்கியிருப்பாரு.
தகரத்துச் சத்தத்துல ஒண்ணும் வெளங்கல."
முதலில் சொன்னவள் அவன் மனைவி செவனம்மா.
இடது கையை முந்தானைக்குள் வைத்திருந்தாள்.

அடுத்த காம்பராவும் மழை என்றது.
அதற்கடுத்ததும்.
பல்லில்லாத ஒச்சப்பன்
இடியையும் சேர்த்துக்கொண்டார்.
ஆறாவது ஆள் வருவதற்குள்
சார்ஜன்டுக்கே அந்தச் சொல் பழகிவிட்டது,
நான் வாய் திறக்குமுன்
'வெஸ்ஸ' என்று எழுதிக்கொண்டார்.

கானுக்குள் கிடந்தவனின் செருப்பில்
புழுதி இருந்தது.
சார்ஜன்ட் அதைப் பார்த்தாரா, தெரியாது.
அவருடைய சப்பாத்தும்
சுத்தமாகத்தான் இருந்தது.

ஃபெக்டரிக்குப் பின்னால், கம்பி வேலிக்குள்,
முழங்கால் உயரச் செம்புக் குழாய்.
ஞாயிறென்றாலும் காலை ஆறரைக்கு
அதை அளப்பது என் வேலை.
அன்றும் அளந்தேன்,
கூச்சல் கிளம்புவதற்கு முன்பே.
நீல மையில், என் கையெழுத்தில்:
பூச்சியம்.

முந்தைய சம்பளச் சனிக்கிழமைகளில்
மழை இல்லை.
எல்லாம் கேட்டது, பன்னிரண்டு காம்பராவுக்கும்.
மாசியில் அவள் ஸ்டேஷன் படியேறினாள்.
குடும்பம் என்றால் அப்படித்தான், வீட்டுக்குப் போ
என்றவர் இதே சார்ஜன்ட்.
அதையும் நான்தான்
அவளுக்குத் தமிழில் சொன்னேன்.
பிசகாமல் சொன்னேன்.

கடைசியாக என் பக்கம் திரும்பினார்.
"நீயும் இந்த லயம்தானே?"
என் வாக்குமூலத்துக்கு
மொழிபெயர்க்க ஆள் தேவைப்படவில்லை.
ஒரு சொல்தான்.
அதை அவர் ஏற்கனவே
எழுதி முடித்திருந்தார்.

அடக்கத்தன்று நிஜமாகவே பெய்தது.
குழிக்குள் இறங்கிய தண்ணீரை
வாளியால் இறைத்தார்கள்.
செவனம்மா குடை பிடிக்கவில்லை.

நாற்பத்திரண்டு மில்லிமீட்டர்.
எழுதினேன்.
இரண்டு வரிக்கு மேலே
பூச்சியம் அப்படியே இருக்கிறது.
முன்னால் ஒரு கோடு இழுத்தால் பத்தாகும்.
பேனாவை மூடிவைத்தேன்.

புத்தகத்தை
யாரும் கேட்கவில்லை,
இன்னும்.