இடப்பக்கம் பாருங்கள்

கப்பல் வரும் நாட்களில்
இன்வர்கார்டன் ஊரைவிட அது உயரம்.
ஏழேமுக்காலுக்கு இறங்கி வருவார்கள்,
சட்டையில் எண் ஒட்டிக்கொண்டு.
எங்கள் பேருந்து பதினான்கு.
இஷ்பெல் தலைகளை எண்ணுவாள்: நாற்பத்து மூன்று.
ஓட்டுநரை எண்ணும் வழக்கமில்லை.

ஒன்பது கோடையாக ஒரே சாலை.
ஒரே வளைவில் ஒரே வேடிக்கை:
"போன வருடம் கோடை செவ்வாய்க்கிழமை வந்தது,
நான் தூங்கிவிட்டேன்."
சிரிப்பு அடங்கும்வரை
கியர் மாற்றாமல் காத்திருப்பேன்.

கோட்டைக்கு நாற்பது நிமிடம்.
விஸ்கி ஆலைக்கு ஐம்பது,
ருசிபார்க்கும் ஒரு விரல் அளவும் சேர்த்து.
அப்புறம் பள்ளத்தாக்கு.
ஆடுகளுக்கு இடம் வேண்டுமென்று
ஆட்களைக் கிளப்பிவிட்ட ஊர்.
இருபத்தாறு வீடுகள் என்பாள் இஷ்பெல்.
மழை வலுத்தால் ஏறக்குறைய முப்பது.
கூரையில்லாத சுவர்களுக்குள்
புகுந்து புகுந்து வருவார்கள்.
யாரும் தட்டுவதில்லை.
தட்டுவதற்குக் கதவு எங்கே.
அடுப்பிருந்த மூலையில்
செம்மறி ஒன்று அசைபோட்டது.
அதற்கும் ஒரு படம்.

அங்கிருந்து மூன்று மைலில் சொல்வாள்,
"இடப்பக்கம் பாருங்கள்,
மலைநாட்டுக் குடியானவர் வீடு, பழைய பாணி."
வெள்ளைச் சுவர். கறுப்புக் கல் கூரை. கொடியில் துணி.
கைபேசிகளோடு எல்லாரும் சாய
வண்டியே ஒரு பக்கம் கனக்கும்.
கொடியில் மூன்றாவதாகத் தொங்குவது
என் உள்காற்சட்டை.
இஷ்பெலுக்குத் தெரியும்.
அந்த ஒரு நிமிடம் மட்டும்
கண்ணாடியில் என் முகத்தைப் பார்க்கமாட்டாள்.

இன்று முன்னால் ஒரு மரலாரி
சாலைக்குக் குறுக்கே சரிந்து கிடந்தது.
முக்கால் மணி நேரம்.
கப்பலில் குடித்த காபி, ஆலையில் குடித்த விரலளவு,
கண்ணாடியில் வழியும் மழை வேறு.
கைத்தடி வைத்திருந்த அம்மாள்
பின்வரிசையிலிருந்து எழுந்து வந்து
"இனிமேல் முடியாது" என்றாள்.
நின்றிருந்தது என் வீட்டு வாசலில்.

இஷ்பெல் போய்த் தட்டினாள்.
மாவுக் கையோடு மைரி திறந்தாள்.
பேருந்தைப் பார்த்தாள்.
ஓட்டுநர் இருக்கையைப் பார்த்தாள்.
நான் வைப்பரைப் பார்த்தேன்.

ஒருத்திக்குத் திறந்த கதவு
பத்தொன்பது பேர் வரிசையானது.
காலையில் நான் கழுவாமல் போட்ட தட்டைக் கடந்து,
கட்டாத மின்கட்டணச் சீட்டைக் கடந்து,
எட்டு மாதமாய்ப் பேசாத மகனின்
பள்ளிக்கூடப் படத்தைக் கடந்து.
எங்கள் கழிப்பறைச் சங்கிலியை
முதலில் மெல்ல, பிறகு வெடுக்கென்று
இரண்டு தரம் இழுக்க வேண்டும்.
கதவோரம் நின்று மைரி
பத்தொன்பது தரமும் விளக்கினாள்.
அலுக்காமல். இஷ்பெலைவிட நன்றாகவே.

இறங்கியிருக்கலாம்.
என் வீடுதான் என்று சொல்லியிருக்கலாம்.
சொன்னால் கைதட்டுவார்கள்.
அதற்குத்தான் பயந்தேன்.

பச்சை மழைக்கோட்டுக்காரர் ஒருவர்
படியேறும்போது சொன்னார்:
"எளிய ஜனங்கள். ஆனால் சுத்தம்."
"ஆமாம்" என்றேன்.
"இந்தப் பக்கம் உங்களுக்குப் பழக்கமோ?"
"கொஞ்சம்."

நாலரைக்குத் துறைமுகம்.
நாற்பத்து மூன்று, சரியாக இருந்தது.
கப்பல் ஒருமுறை ஊதியது.
தண்ணீர்மேல் இருந்த வெளிச்சமெல்லாம்
அதோடு கிளம்பிப் போனது.

வீட்டில் ஜன்னல் விளிம்பில் சில்லறை,
மூன்று நாட்டுக் காசு,
ஒன்றின் நடுவில் ஓட்டை.
"காகிதம் தீர்ந்துவிட்டது, நாளைக்கு வாங்கு" என்றாள் மைரி.
வேறெதுவும் கேட்கவில்லை.
உருளைக்கிழங்கைப் பாதி தின்ற பிறகு
"யாரோ உன் தட்டைக் கழுவி வைத்திருக்கிறார்கள்" என்றாள்.
"யார்?"
"பார்க்கவில்லை. நீதானே கூட்டிவந்தாய்."

ஒவ்வொரு இருக்கையாக நினைத்துப் பார்த்தேன்.
பச்சைக் கோட்டு வந்தது, கைத்தடி வந்தது.
முகம் ஒன்றுகூட வரவில்லை.

தட்டு கவிழ்ந்து உலர்ந்துகொண்டிருந்தது,
நாங்கள் எப்போதும் வைக்காத பக்கத்தில்.