நான்காவது கட்டம்

பில் புத்தகத்தில் நான்காவது கட்டத்தின் தலையில்
'அலகு' என்று அச்சாகியிருக்கிறது.
அதன்கீழே எண்ணம், கிலோ, டஜன்
ஏதாவது ஒன்றை எழுத வேண்டும்.
பதினோரு வருடமாக எழுதுகிறேன்
காரைக்குடி செக்காலை ரோட்டில், அமில வாடைக்கு நடுவே:
நிக்கல் முலாம், வெள்ளி முலாம், கேட்டால் குரோமியம்.

தைப்பூசத்துக்கு ஒன்பது நாள் இருக்கையில்
குன்றக்குடியிலிருந்து சேவுகன் வந்தார்.
செய்தித்தாளைப் பிரித்து ஒரு கம்பியை வைத்தார்.
ஒரு முனை வேல். மறுமுனை ஊசி.
ராக்கப்பன் பில் போட்டான்:
பொருள், அலகு. அலகு, எண்ணம். மொத்தம், ஒன்று.
எழுதிவிட்டுத் தானே சிரித்தான்.
நிக்கல் பூசச் சொன்னார். மாட்டேன் என்றேன்.
சதைக்குள் போவதற்கு அது ஆகாது, தடித்துப்போகும்.
வெள்ளி போடலாம், காசு கூடும்.
கன்னத்தைத் தடவிக்கொண்டே
சரி என்றார்.

அதே வாரம் அடைக்கம்மை.
பள்ளத்தூர்க்காரர், இசைக்கல்லூரியில் வேலை.
துணிப்பையிலிருந்து இருபத்திரண்டு எஃகுப் பட்டைகள்,
ஒன்றைவிட ஒன்று நூலளவு குட்டை.
"துருப் பிடிக்குது. நிக்கல் போடுங்க. இருபது மைக்ரான் போதும்."
ஏன் இருபத்திரண்டு?
"ஒரு ஸ்தாயிக்கு அத்தனை அலகு."
குரலுக்கு நான்கு, துத்தத்துக்கு நான்கு,
கைக்கிளைக்கு மூன்று, உழைக்கு இரண்டு,
இளிக்கு நான்கு, விளரிக்கு மூன்று, தாரத்துக்கு இரண்டு.
விரல் மடக்கிக் கூட்டிப் பார்த்தேன். சரியாக வந்தது.
எண்ணிக்கை தெரிந்த மாத்திரத்தில் நம்பிவிடுகிற ஆள் நான்.
ராக்கப்பன் பேனாவைத் தூக்கிப் பிடித்தபடி:
"பொருள் கட்டத்துலயா, அலகுக் கட்டத்துலயா அண்ணே
இந்த அலகு?"

நான்கு நாளில் திரும்பி வந்தார்.
கவுண்டரில் ரப்பர் விரிப்பைப் போட்டு
முதல் பட்டையைத் தட்டினார்,
இரண்டாவதைத் தட்டினார்,
மறுபடி முதலை.
"இது ரெண்டும் இப்ப ஒண்ணாயிருச்சு."
எனக்கு அவை முன்பும் ஒன்றாகத்தான் கேட்டன.
சொல்லவில்லை.

திருகு அளவியை எடுத்தேன்.
நடுவில் தொங்கியவை இருபது ஏறியிருந்தன.
ஓரத்தில் தொங்கிய முதலும் கடைசியும்
நாற்பத்தைந்து.
தொட்டியில் மின்சாரம் ஓரத்தைத் தேடிப் போகும்,
பந்தியில் கடைசி இலைக்குப் பாயசம்
இரண்டு கரண்டி விழுகிற மாதிரி.
பட்டை தடித்தால் சுருதி ஏறும் என்பது
எனக்கு அன்றைக்குத்தான் தெரியும்.
இருபத்தைந்து மைக்ரான்:
தலைமயிரில் மூன்றில் ஒரு பங்கு.
என் கணக்கில் கழிவு,
அவர் கணக்கில்
ஓர் அலகு.

உரித்து, கழுவி, மறுபடி தொங்கவிட்டேன்.
இம்முறை இரு ஓரங்களிலும்
உதவாத கம்பி இரண்டு. தொழிலில் அதற்குத் திருடன் என்று பெயர்.
மிஞ்சிய மின்சாரத்தை அவை தின்னட்டும்.
வந்து தட்டினார். முதல். இரண்டாவது.
கண்ணை மூடி, தலையைக் கொஞ்சம் சாய்த்து,
காசை எண்ணி வைத்தார்.
பாராட்டெல்லாம் இல்லை.

பூசத்தன்று குன்றக்குடிக் கூட்டத்தில் சேவுகன்
இரு கன்னத்துக்கும் ஊடே எட்டு மைக்ரான் வெள்ளியோடு
என் பக்கமாக நடந்து போனார்.
பேச முடியாது. பார்த்தார், அவ்வளவுதான்.
எனக்கும் அப்போது சொல்ல எதுவும் இல்லை,
குளிரில்லாமலே அலகு கிட்டிய மாதிரி.

இப்போது ஒரு தொல்லை.
எங்கள் எக்ஸாஸ்ட் ஃபேன் ஒரு சுருதியில் ஓடுகிறது,
பக்கத்து லேத் பட்டறை ஃபேன்
அதிலிருந்து ஒரு மயிரிழை விலகி.
இரண்டும் சேர்ந்து
விம்மி, அடங்கி, விம்மி.
பதினோரு வருடம் இதற்குள்ளேயே உட்கார்ந்திருந்திருக்கிறேன்.

"கேக்குதாடா?"
"என்னண்ணே?"
"ஒண்ணுமில்ல. எழுது."
டூவீலர் சைலன்சர், எண்ணம், இரண்டு.