எழுத்துக்கு ஐநூறு

லாகோஸில் ஒரு குடும்பம்
கல்யாணத்துக்கு இபாதான் போய்
மூன்றாம் நாள் திரும்பினால்
வாசலில் யாரோ ஒருவன்
நாடா பிடித்து அளந்துகொண்டிருப்பான்.
கையில் பத்திரம். பத்திரத்தில் கையெழுத்து.
கையெழுத்தின் மேல் ரப்பர் முத்திரை.
எவனோ விற்றிருப்பான்.
இவன் பாவம், நிஜமாகவே வாங்கியிருப்பான்.

அதனால் எனக்குப் பிழைப்பு.
சிவப்புப் பெயின்ட், இரண்டங்குலத் தூரிகை,
வெல்டிங் பட்டறையில் இரவல் வாங்கிய ஏணி.
சுவரில் எழுதுவேன்:
இந்த வீடு விற்பனைக்கு அல்ல.
பதினான்கு எழுத்து. எழுத்துக்கு ஐநூறு நைரா.
புள்ளி வைத்த எழுத்துக்கும் அதே விலைதான்.

முஷினில், ஷோமோலுவில், பாரிகாவில்
மூன்று மாடி வீட்டுக்கு எழுதியிருக்கிறேன்.
கூரை பறந்துபோன பாதிச் சுவருக்கும்
எழுதியிருக்கிறேன்.
பாதிச் சுவர்க்காரர்தான்
கோணலாக இருக்கிறதென்று
இரண்டு முறை அழிக்கச் சொன்னார்.

செப்டம்பர் மழையில் ஒரு ராத்திரி
மொரோலாயோ வந்தாள்.
புருஷன் செத்து நாற்பதாம் நாள் கழிந்திருந்தது.
ஒன்பது வருஷம் தையல் மிஷினை மிதித்த மிதி
அந்த வீட்டின் பின்பக்கம்
இரண்டு அறைகளாக நிற்கிறது.
சிமெண்ட் ரசீதெல்லாம் வைத்திருந்தாள்,
பிஸ்கட் டப்பாவில், தேதிவாரியாக.
பத்திரத்தில் மட்டும் புருஷன் பெயர்.
புருஷன் பெயருக்கு உரியவர் அவன் அண்ணன்
என்கிறார் அண்ணன்.

ஆயிரத்து ஐநூறு இருக்கிறது என்றாள்.
மூன்று எழுத்து வரும் என்றேன்.
தலைத்துணியின் முனையைப் பிழிந்தபடி
கொஞ்ச நேரம் நின்றாள்.
கடைசி மூன்றை எழுது.

அல்ல.

முன்னால் இடம் விட்டு எழுதினேன்,
காசு சேர்ந்ததும் மீதியை எழுதலாமென்று.

எது அல்ல, என்று கேட்டாள்
எதிரே வாழைக்காய் பொரிப்பவள்.
பள்ளிக்கூடப் பையன்கள்
நீ திருடனா என்று ஒருத்தன் கேட்க
இன்னொருத்தன் சுவரைக் காட்டி ஓடினான்.
அவசரத்தில் வந்த ஒருவர்
நிமிர்ந்து படித்துவிட்டு
அடுத்த சுவருக்குப் போய் நின்றார்.

பிறகு வந்தார் அண்ணன், கமோருதீன்.
காரிலிருந்து இறங்காமலே சொன்னார்:
அதை அழி. இந்த வீடு விற்பனைக்கு என்று எழுது.
பதினொரு எழுத்து, ஐயாயிரத்து ஐநூறு, சார்.
அழிப்பதற்குத் தனி.
அழிப்பதற்குமா காசு?
அதை என் வீட்டு வேலைக்காரன் அழிப்பான், நீ எழுது.
எண்ணிக் கொடுத்தார், இரண்டு தடவை.

விட்டுவைத்த இடம்
பதினொன்றுக்கும் சரியாக இருந்தது.

வேலைக்காரனுக்குக் காய்ச்சலாம்.
ஐந்து நாள் அந்தச் சுவர்
முழு வாக்கியமாக நின்றது.
ஆறாம் நாள் செங்கல் துண்டால் சுரண்டினார்கள்.
நல்ல சிவப்பு, சுரண்டினால் வெளுக்கும், போகாது.
வழக்கு நடக்கிறது.
வீடு யாருடையதென்று நீதிபதி சொல்லட்டும்.
வாக்கியம் யாருடையது?
பதினொன்று அவர் காசு, மூன்று அவள் காசு,
கை என்னுடையது,
ஏணி வெல்டிங்காரனுடையது.

இன்றைக்குச் சாயங்காலம்
என் வீட்டுக்காரர் வந்தார்.
நான்கு மாத வாடகை பாக்கி.
திட்டவில்லை. உட்கார்ந்தார்.
உன் கதவில் நீயே எழுதிவிடு என்றார்,
அறை வாடகைக்கு.
கூலியைப் பாக்கியில் கழித்துக்கொள்கிறேன்.

ஏழு எழுத்து. மூவாயிரத்து ஐநூறு.
தூரிகையை மண்ணெண்ணெயில் அலசிக்கொண்டே
காற்றோட்டமுள்ள என்று முன்னால் சேர்க்கலாம், சார்
என்றேன்.
அதிலே எட்டு இருக்கிறது.

ஜன்னல் இல்லாத சுவரை
அவர் ஒரு தடவை பார்த்தார்.
நானும் பார்த்தேன்.