மார்ச் பதினான்கு வரை

பெர்கன் நகரத்தில்
மழைக்குக் காசு கொடுத்தவள்
நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன்.
கொல்லன் தெருவில் ஊசி வாங்கிய கதை.

குற்றம் சன்னல்களுடையது.
பிப்ரவரி கடைசியில் குடியிருப்புச் சங்கம்
பழையதைப் பெயர்த்துவிட்டு
மூன்றடுக்குக் கண்ணாடி பொருத்தியது.
வெளியே கொட்டுகிறது,
கண்ணாடியில் வழிகிறது,
சத்தம் மட்டும் வரவில்லை.
திறக்கலாமே என்பீர்கள்.
ஒரு விரல் அளவுதான் திறக்கும்;
அதில் நுழைவது துறைமுகத்து எஞ்சின் இரைச்சல்.
மூன்று இரவு விழித்துக் கிடந்தேன்.
நான்காம் இரவு, இரண்டே காலுக்கு,
செயலியை இறக்கினேன்.

ஏழு நாள் இலவசம்.
தகரக் கூரை மழை. கூடாரத்து மழை.
மழையோடு தூரத்து ரயில்.
மழையோடு யாரோ புத்தகம் புரட்டும் ஓசை.
பெர்கன் மழை பட்டியலில் இல்லை.
கூடாரத்தில் தூங்கிப்போனேன்.
எட்டாம் நாள்
அறுநூற்று நாற்பத்தொன்பது குரோனர் போயிருந்தது,
முழு வருடத்துக்கும்.
தூங்குகிறவள் மடியில் கைவிட்ட மாதிரி.

செயலியை நீக்கினால் சந்தா நீங்காதாம்.
வீட்டை இடித்தாலும் வாடகை ஓடுமாம்.
அமைப்புகள், அதற்குள் என் பெயர்,
பெயருக்குள் சந்தாக்கள்.
அங்கே அது தனியாகவும் இல்லை:
என்றோ ஒரே ஒரு ரசீதை நகலெடுத்த ஸ்கேனர்,
மாதம் ஐம்பத்தொன்பது.
தங்கை மகன் ஸிவெர்ட் ஒரு கோடையில் விட்டுப்போன
டிராகன் வளர்க்கும் விளையாட்டு.
அவனுக்கு மீசை முளைத்துவிட்டது,
டிராகன் இன்னும் என் அட்டையில் தின்றுகொண்டிருக்கிறது.
ரத்து. ரத்து. ரத்து.
நிச்சயமாகவா என்றது.
உங்களை இழக்க வருந்துகிறோம் என்றது.
விவாகரத்தில் ஆர்ன்ஃபின்கூட
அப்படிச் சொல்லவில்லை.

பணத்தைத் திரும்பக் கேட்க ஒரு படிவம்.
காரணத்தைத் தேர்ந்தெடுக்கவும்:
தவறுதலாக வாங்கினேன்.
என் அனுமதியின்றிக் குழந்தை வாங்கியது.
எதிர்பார்த்தபடி வேலை செய்யவில்லை.
(செய்ததே, அதுதானே தொல்லை.)
பிற என்பதைத் தொட்டேன்.
ஐந்நூறு எழுத்துக்குள் என்றது.
சன்னலைப் பற்றி எழுதினேன்.
மூன்றடுக்கு என்று அழுத்தி எழுதினேன்.
வருடத்தில் இருநூறு நாளுக்கு மேல்
இங்கே வானம் இதைச் சும்மா தருகிறது என்றும்.
எழுத எழுத
எங்கோ படித்த கடிதம் போலிருந்தது.

படித்ததுதான். என் பிழைப்பே அதுதான்.
நகராட்சி, இரண்டாம் மாடி:
வாகன நிறுத்த அபராதத்தை எதிர்த்து வரும் மனுக்களுக்குப்
பத்தொன்பது வருடமாகப் பதில் எழுதுகிறவள்.
மனைவிக்குப் பிரசவ வலி.
இயந்திரம் நாணயத்தை விழுங்கியது.
பலகையைப் பனி மூடியிருந்தது.
எல்லாம் படிப்பேன், நிஜமாகவே படிப்பேன்.
பிறகு எழுதுவேன்.

இரண்டு நாளில் எனக்குப் பதில் வந்தது.
தங்கள் நிலையைப் புரிந்துகொள்கிறோம்.
ஆயினும்.

நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தேன்.
அந்த ஆயினும் எனக்குத் தெரியும்.
அதன் இடுப்பளவு தெரியும்.
ஊருக்கெல்லாம் தைத்துக் கொடுத்த சட்டையை
முதல்முறை நானே போட்டுப் பார்க்கிறேன்.
அக்குளில் பிடிக்கிறது.

மேல்முறையீட்டுக்குப் பதினான்கு நாள் இருந்தது.
செய்யவில்லை.
செய்கிறவர்களில் எத்தனை பேர் ஜெயிக்கிறார்கள்
என்று என்னிடமா கேட்கிறீர்கள்?
ஸ்கேனர்காரன் மட்டும், நான் கேட்காமலே,
கடைசி ஐம்பத்தொன்பதைத் திருப்பி அனுப்பியிருந்தான்.
ஏனென்று தெரியவில்லை.

திங்கட்கிழமை ஹல்கெய்ர் என்பவரின் மனு,
பனி மூடிய பலகை.
ஆயினும் வரை அடித்ததும் கை நின்றது.
சாப்பிடப் போனேன்.
திரும்பி வந்து முடித்தேன்.
அபராதம் அபராதம்தான்.
புரிந்துகொள்கிறோம் என்ற வரியை மட்டும்
எடுத்துவிட்டேன்.

இரவு கண்ணாடிக்கு வெளியே
ஊமையாகக் கொட்டுகிறது.
சந்தா ரத்தாகிவிட்டது,
அடுத்த மார்ச் பதினான்கு வரை
எல்லா மழையும் உங்களுக்குத் திறந்திருக்கும்
என்கிறது செய்தி.
கூடாரத்தைத் தேர்ந்தெடுக்கிறேன்.
காசு கொடுத்தாயிற்று.
அதுவரை நனைந்துதான் ஆகவேண்டும்.