கண்ணீர்ப் பாலம்

எங்கள் முனைச் சந்திப்புக்குக் கண்ணீர்ப் பாலம் என்று பெயர்.
பாலம் இல்லை. ஆறும் இல்லை,
மூடித் தார் ஊற்றிவிட்டார்கள்.
தலை வெட்டும் மைதானத்துக்குக் கொண்டுபோகிறவனை
உறவுகள் இதுவரைதான் தொடரலாம் என்பது
பழைய காலத்து வழக்கமாம்.
இப்போது சிக்னல் இருக்கிறது.
பார்வையற்றவர்களுக்காக, பச்சை விழுந்தால்
ஒரு பெட்டிக்குள்ளிருந்து பறவை கூவும்.

தங்கும் விடுதிக்கு எங்கள் பாஷையில் யாதோ.
சான்யாவில் அதைத் தலைகீழாகப் போட்டுத் தோயா என்போம்.
மூன்று பாய் அகலம், ஓர் ஆள், ஓர் ஆணி.
நேராகச் சொல்ல அதற்கு யோக்கியதை போதவில்லை.

நான் அங்கே பதிவேடு எழுதினேன்.
விடியற்காலை நாலரைக்கு வேன்கள் வரும்.
விரல் நீட்டி எண்ணுவார்கள்:
நீ, நீ, நீ வேண்டாம்.
போனவர்கள் இமையில் சிமெண்டு பூத்துத் திரும்புவார்கள்.
ஒலிம்பிக்குக்காகப் போட்ட மேம்பாலத்தின்
எந்தத் தூணிலோ
இகராஷியின் இடது கட்டைவிரல் நகம் இருக்கிறது.

பெயர் கேட்டால் பொய் எழுதுவார்கள்.
ஒரே வாரத்தில் நான்கு சுசுகிகள்.
வாடகை மெய்யாக இருந்தால் எனக்குப் போதும்.

அறுபத்தாறில் வரைபடத்திலிருந்து எங்களை எடுத்தார்கள்.
ஏணியோடு வந்த ஒருவன்
புதுப் பெயர்ப் பலகையை அடித்துவிட்டுத் தேநீர் கேட்டான், கொடுத்தேன்.
அன்றிரவும் அதே குளிர், அதே அடிதடி,
தோல் பட்டறையிலிருந்து அதே நாற்றம்.
பெயரை மட்டும்தான் தூக்கிப்போனார்கள்.

சொந்த ஊர் என்ற கட்டத்தை
அதுவரை வெறுமையாக விட்டவன் இகராஷி.
அந்த வாரம் பேனாவைப் பிடுங்கி
தாள் கிழிய எழுதினான்: சான்யா.

முப்பத்தெட்டு வருடம் அதையே எழுதினான்.
ஏழாம் அறையில் அவன் அடங்கிய மறுநாள்
வார்டு அலுவலகத்திலிருந்து செரிசாவா என்றொரு பெண்,
படிவத்தோடு.
‘அம்மா, இப்படி ஓர் இடமே இல்லையே.’
சின்னப் பெண். குரலில் வருத்தம்கூட இருந்தது.
ஜன்னலுக்கு வெளியே
சக்கரப் பெட்டிகளோடு இரண்டு வெளிநாட்டுக்காரர்கள்
மலிவான அறை தேடி
வரைபடத்தைத் திருப்பித் திருப்பிப் பிடித்தார்கள்.

நான் வாதாடவில்லை.
யாரும் கேட்டு வராத சாம்பலை
நானே கையெழுத்துப் போட்டு வாங்கினேன்.
உறவு என்ற கட்டத்தில் ஏதோ எழுதினேன்,
அவன் எனக்கு எழுதிக்கொடுத்ததைப் போல.

சந்திப்பில் சிவப்பு.
நின்றேன். இதுவரைதான்.
பெட்டி நினைத்ததைவிடக் கனம்.
பிறகு பறவை கூவியது.
கடந்துவிட்டேன்.