திருப்பிக் கொடுக்கும் கடைசி நாள்

பற்றுச்சீட்டு ஃபிரிட்ஜ் கதவில், காந்தத்துக்குக் கீழே.
முப்பது நாள் தவணை. இன்று இருபத்தெட்டு.
செயலி கேட்கிறது:
எங்களை உங்களுக்குப் பிடித்திருக்கிறதா?
கீழே ஐந்து வெற்று நட்சத்திரங்கள்.

சொல்கிறேன், பொறு.

வாங்கியது தைப்பொங்கல் கழிந்த கிழமை.
நாற்பத்தொன்றாம் இலக்கத்து வெள்ளை ஜீப்,
சாவி வீட்டுக்குள் கொழுவியபடியே கிடக்க,
விடியமுன்னம் காணாமல் போனது.
அஜாக்ஸில் எங்கள் தெரு முழுக்க
கதவுக்கொரு கண் முளைத்தது.
நாங்களும் ஏணி இரவல் வாங்கினோம்.

நல்லதை முதலில் சொல்லவேணும்.
இரவுப் படம் வடிவாய்த் தெரிகிறது,
நம்பர்த் தகட்டில் காய்ந்த உப்புக்கூட.
மைனஸ் பதினெட்டிலும் பற்றரி சாகவில்லை.
மருந்தகத்தின் பின்னறையில் குளிசை எண்ணிக்கொண்டே
என் வாசற்படியைத் தொட்டுப் பெரிதாக்கலாம்.

மணி அடித்தால் ஏழு விநாடி தாமதம்.
அதற்குள் பொதி கொண்டுவந்த பெடியன் திரும்பி
முதுகாகிவிடுவான்.
"அதிலை வையுங்கோ" என்ற என் குரல்
ஆளில்லாப் படிக்கட்டில் போய் விழும்.
பனி பெய்தால் பனியை மனிதர் என்கிறது:
ஓரிரவில் நூற்றுப் பன்னிரண்டு மனிதர்,
ஒவ்வொருவரும் கடுகளவு.
நரியைப் பொதி என்றது.
என் தங்கை கௌசிகாவை மூன்றுதரம்
'அறியாத முகம்' என்று எச்சரித்தது.
முதல்தரம் சிரித்தாள்.
நாலாம்தரம் தொப்பியை மூக்குவரை இழுத்துக்கொண்டு வந்தாள்.

முகங்களுக்குப் பெயர் வைக்கச் சொன்னது.
வைத்தேன். நிமலன், என் மனுசன்.

ஒரு வியாழக்கிழமை,
ஆறு பன்னிரண்டு: வாகனம் வந்தது.
ஆறு முப்பத்தொன்று: நிமலன் வாசலில்.
நேரம் பிழை என்று உதவிப் பிரிவுக்கு எழுதினேன்.
கடிகாரம் சரியென்று மரியாதையாய்ப் பதில் வந்தது.
வெள்ளி, பதினேழு நிமிடம்.
திங்கள், இருபத்திரண்டு.

பெரிதாக்கிப் பார்த்தேன்.
எஞ்சின் நின்றுவிட்டது. விளக்கும் அணைந்துவிட்டது.
ரெலிபோனைத் தொடவில்லை. அழவுமில்லை.
இரண்டு கையும் ஸ்டியரிங்கில்,
இன்னும் எங்கேயோ ஓட்டிக்கொண்டிருக்கிறார்.
கண்ணாடியில் மூச்சுப் படிந்து படிந்து
ஓரத்திலிருந்து அவரை அழிக்கிறது.
செயலி அடியில் எழுதுகிறது:
அசைவு எதுவும் இல்லை.

பிறகு கதவு திறக்கும்.
சப்பாத்தைத் தட்டுவார்.
"என்ன கறி?" என்று கேட்டபடி உள்ளே வருவார்.
பதின்மூன்று வருசமாய்
பின்பக்கக் குசினியில் நான் கேட்கும் அந்தக் குரல்
அந்த இருட்டுக்குள்தான் தயாராகிறதோ?

கேட்டிருக்கலாம்.
நாக்கு நுனிவரை வந்ததைப் பருப்போடு விழுங்கினேன்.
பார்த்தேன் என்று சொல்லாமல் எப்படிக் கேட்பது?
பேசும் பொத்தான் ஒன்றும் இருக்கிறது,
அழுத்தினால் என் குரல் கராஜ் கூரையிலிருந்து பேசும்.
ஒருநாள் விரலை வைத்தேன்.
கடவுள் வேலை அது. எடுத்துவிட்டேன்.

நேற்று அமைப்புகளுக்குள் போய்
கண்காணிக்கும் எல்லையைத் திருத்தினேன்.
விரலால் இழுக்க நீலக்கோடு நகர்ந்தது.
படிக்கட்டு உள்ளே. தபால்பெட்டி உள்ளே.
பக்கத்து வீட்டு வேலியில் பாதி உள்ளே.
கார் நிற்குமிடத்தை மட்டும் வளைத்து
வெளியே விட்டேன்.
'இந்தப் பகுதி பாதுகாக்கப்படாது. தொடரவா?'
ஓம்.

காருக்காகத்தான் வாங்கினது.

இன்று முன்னறையில் நின்றேன், விளக்குப் போடாமல்.
ஆறு பத்துக்கு வெளிச்சம் சுவரில் ஏறி, அணைந்தது.
கையிலிருந்த ரெலிபோன் மூச்சுக் காட்டவில்லை.
நாலு நட்சத்திரம் போட்டேன்.
பனி விசயத்தைத் திருத்துங்கோ என்று எழுதினேன்.

இனி அந்தப் பெட்டி தேவையில்லை.
மடித்து நீலத் தொட்டியில் போடவேணும்.
தொட்டி கார்ப்பக்கம் இருக்கிறது.
பிறகு போடலாம்.